மன்னாரில் ஒரு நாள்: குறைந்த செலவில் இடிபாடுகளும் குளிக்கும் துறைகளும்

கனடாவில் இருக்கும் என் ஒன்றுவிட்ட தம்பி குடும்பத்தோடு மெக்சிக்கோவுக்கு விடுமுறை போயிருந்தான். அங்கிருந்து வட்ஸ்அப்பில் படங்கள் அனுப்பினான். மாயர்கள் கட்டிய கல் பிரமிட்டு ஒன்றின் முன்னால் பிள்ளைகள் நின்றார்கள். அடுத்த படத்தில் நிலத்துக்குள் இருந்த பெரிய குழி ஒன்றின் நீல நீரில் நீந்திக்கொண்டிருந்தார்கள். அன்றிரவே அழைப்பும் எடுத்தான்.

"ஒரு நாள் ட்ரிப் அண்ணை. காலமை வானில ஏத்தி, இடிபாடு காட்டி, மத்தியானம் சாப்பாடு தந்து, பின்னேரம் உந்தத் தண்ணிக்குள்ள இறக்கி விட்டவங்கள். பெரிய காசும் இல்லை. எங்கட மன்னாரில இப்பிடி ஒண்டு செய்யேலாதோ?"

செய்யலாம். நான் மன்னார் நகரில் ஓட்டோ ஓடுகிறேன். பத்து வருடத்துக்கு மேலாக வெளியூரில் இருந்தும் வெளிநாட்டில் இருந்தும் வருகிறவர்களை ஏற்றிக்கொண்டு இந்தத் தீவையும் கரையையும் சுற்றி வருகிறேன். 1990இல் பேசாலைக் கரையில் படகேறி மண்டபம் முகாமுக்குப் போனபோது எனக்கு வயது பன்னிரண்டு. திரும்பி வந்தபோது எங்கள் வீட்டின் அத்திவாரம் மட்டும் பற்றைக்குள் இருந்தது. இடிபாடு என்றால் என்னவென்று எனக்கு யாரும் சொல்லித் தரவேண்டியதில்லை.

தம்பி போன யுகாட்டான் குடாநாடு சுண்ணக்கல் பூமி. அதன் வடபகுதியில் நிலத்துக்கு மேலே ஆறு ஓடாது. மழை நீர் கல்லுக்குள் இறங்கி, கூரை இடிந்த இடங்களில் குளம் போலத் தெரியும். அதை அங்கே செனோட்டே என்கிறார்கள். மாயர்களின் பல ஊர்கள் இந்த நீரை நம்பியே எழுந்தன. மன்னார்த் தீவிலும் ஆறு இல்லை. மணலுக்குள் தேங்கும் மழை நீரைக் கிணறு வெட்டி எடுத்தே சனம் வாழ்ந்தது. பெருநிலத்தில் அருவி ஆறும் குளங்களும் இருந்தன. நீர் இருந்த இடத்தில் ஊரும் கோயிலும் துறைமுகமும் வந்தன. ஆகவே இங்கேயும் இடிபாட்டையும் நீரையும் ஒரே நாளில் பார்த்துவிடலாம். எப்படி என்று கீழே எழுதுகிறேன்.

வருவதும் செலவைக் குறைப்பதும்

கொழும்பில் இருந்து மிகக் குறைந்த செலவில் வர ரயிலே வழி. மதவாச்சியில் பிரிந்து மடு வீதி, முருங்கன், திருக்கேதீஸ்வரம், மன்னார், பேசாலை வழியாகத் தலைமன்னார் பியர் வரை பாதை போகிறது. 1990இல் போரோடு இந்தப் பாதை நின்றது. தண்டவாளமும் சிலிப்பர் கட்டைகளும் பதுங்குகுழிகளுக்குப் போயின. மீண்டும் போடப்பட்டு 2015 மார்ச் 14ஆம் திகதி தலைமன்னாரில் இருந்து ரயில் புறப்பட்டது. யாழ்ப்பாணம், வவுனியாவில் இருந்து வருகிறவர்களுக்கு பஸ் வசதி. காலையிலேயே மன்னாரில் இறங்கும்படி பார்த்துக்கொள்ளுங்கள்.

கீழே சொல்லும் இடங்களில் பெரும்பாலானவற்றுக்கு நுழைவுச்சீட்டு இல்லை. செலவு வண்டிக்கும் சாப்பாட்டுக்கும்தான். ஓட்டோவில் மூன்று பேர் வசதியாக இருக்கலாம். ஐந்தாறு பேர் என்றால் சிறிய வான் ஒன்றைப் பங்கு போட்டுப் பிடிப்பது இலாபம். எது பிடித்தாலும் புறப்பட முன்னர் மூன்று விடயங்களைப் பேசி முடியுங்கள்: எந்தெந்த இடம், எத்தனை மணி வரை, காத்திருக்கும் நேரமும் கூலிக்குள் அடங்குமா. இதைப் பேசாமல் ஏறியவர்கள்தான் பின்னேரம் தெருவில் நின்று வாக்குவாதப்படுகிறார்கள். மத்தியானச் சாப்பாட்டை முதல்நாளே ஒரு வீட்டில் சொல்லி வைத்தால் ஹோட்டலை விடக் குறைவு. சோறு, மீன் குழம்பு, கணவாய்ப் பிரட்டல், சொதி. அந்தக் காசு ஒரு குடும்பத்தின் அடுப்புக்கும் போகும்.

மாதமும் முக்கியம். ஒக்ரோபர் முதல் டிசம்பர் வரை மாரி மழை. ஜனவரி முதல் ஏப்ரல் வரை நல்ல காலம். வங்காலைச் சரணாலயத்தில் பூநாரைகளைக் காணவும் அந்த மாதங்களே ஏற்றவை. 2008இல் சரணாலயமான அந்தச் சதுப்பு 2010இல் ராம்சார் பட்டியலில் சேர்ந்தது. மே முதல் செப்ரெம்பர் வரை காற்றும் வெயிலும் கடுமை. தொப்பியும் தண்ணீரும் இல்லாமல் வெளிக்கிட வேண்டாம்.

எல்லாவற்றையும் ஒரே நாளில் பார்க்க நினைத்தால் வீதியை மட்டும்தான் பார்ப்பீர்கள். நான் இரண்டு பாதைகளாகப் பிரித்து வைத்திருக்கிறேன். உங்களுக்கு ஏற்றதைத் தெரிவு செய்யுங்கள்.

முதற்பாதை: தீவு

பெருநிலத்தில் இருந்து தள்ளாடி கழிந்ததும் தாம்போதி தொடங்கும். இரண்டு பக்கமும் கடல். போர்க்காலத்தில் இந்த வழியால் போய்வரச் சோதனைச் சாவடிகளில் மணிக்கணக்காக நின்றவர்கள் இப்போது ஐந்து நிமிடத்தில் கடக்கிறார்கள். 2010இல் திறந்த புதிய பாலத்தைத் தாண்டியதும் மன்னார்க் கோட்டை தெரியும்.

1560இல் போர்த்துக்கேயர் கட்டிய கோட்டை இது. 1658இல் ஒல்லாந்தர் பிடித்தார்கள். 1696இல் திருத்திக் கட்டினார்கள். 1795 ஒக்ரோபரில் சண்டையின்றி ஆங்கிலேயர் கைக்கு வந்தது. சதுர வடிவம், நான்கு மூலையிலும் கொத்தளம், சுற்றி அகழி. உள்ளே கூரையில்லாத தேவாலயச் சுவரும் நிலவறைகளும் இருக்கின்றன. கொத்தளத்தில் ஏறி நின்றால் கோட்டை ஏன் இங்கே வந்தது என்பது விளங்கும். தீவுக்கும் பெருநிலத்துக்கும் இடையில் போகும் படகு எதுவும் இந்தக் கண்ணுக்குத் தப்பாது. முத்து, யானை, துணி என்று இவ்வழியால் போன எல்லாவற்றிலும் கோட்டைக்காரர் பங்கு எடுத்தார்கள். இதற்கு முக்கால் மணி நேரம் போதும்.

அடுத்து பள்ளிமுனைப் பெருக்கமரம். ஆபிரிக்காவின் மரம். அரபு வணிகர்கள் கொண்டுவந்து நட்டதாக ஊர் சொல்கிறது. உயரம் ஏழரை மீற்றர் மட்டுமே. அடிமரத்தின் சுற்றளவு 19 மீற்றருக்கு மேல். பிள்ளைகள் கை கோத்துச் சுற்றி நிற்க ஆசைப்படுவார்கள். நிற்கட்டும். பட்டையில் பெயர் கீற விடாதீர்கள்.

பிறகு தலைமன்னார் வீதியால் நேரே மேற்கே போகலாம். வழியில் தோட்டவெளி. 1544இல் யாழ்ப்பாண அரசன் சங்கிலியின் ஆணையால் கொல்லப்பட்ட மன்னார்க் கிறிஸ்தவர்களின் நினைவாக வேதசாட்சிகளின் இராக்கினி ஆலயம் இங்கே இருக்கிறது. இறந்தவர்கள் அறுநூறு பேர் என்பது மரபு. அடுத்தது பேசாலை. கருவாடு வாங்க இதுவே இடம். வாடியில் நேரடியாக வாங்கினால் காயவைத்தவரின் கைக்கே காசு போகும். தெற்குக் கரையில் நிற்கும் முப்பது காற்றாலைகள் 2020 டிசம்பரில் இயங்கத் தொடங்கியவை. இவற்றைப் பற்றி ஊரவரிடம் கேளுங்கள். இன்னும் காற்றாலை வேண்டாம், கனிம மணல் அகழ வேண்டாம் என்று 2025இல் மன்னார் மக்கள் வீதியில் இருந்து போராடினார்கள். மணலுக்குள் இருப்பதுதான் தீவின் குடிநீர் என்பதால் அவர்களுடைய பயத்துக்குக் காரணம் உண்டு.

தலைமன்னார் பியர் தீவின் கடைசி. 1914இல் இங்கிருந்து தனுஷ்கோடிக்குக் கப்பல் தொடங்கியது. சென்னையில் ரயில் ஏறி, கப்பல் மாறி, மீண்டும் ரயிலில் கொழும்புக்கு வரலாம். இடையில் இருந்த கடல் சுமார் முப்பது கிலோமீற்றர். 1964 டிசம்பர்ப் புயல் தனுஷ்கோடியை அழித்த பிறகு கப்பல் இராமேஸ்வரத்துக்குப் போனது. போர் தொடங்கியதும் அதுவும் நின்றது. இன்று கடலுக்குள் நீளும் பழைய இறங்குதுறையின் எலும்புக்கூடும் 1915ஆம் ஆண்டின் வெளிச்சவீடும் நிற்கின்றன.

இந்த இடத்தில் நான் வண்டியை நிறுத்தி, ஓடாமல் ஆற இருங்கள் என்று சொல்வேன். எத்தனை தரம் எங்கள் சனம் இந்தத் துறையால் போயும் வந்தும் இருக்கிறது! தோட்டங்களில் வேலை செய்ய வந்தவர்கள் இந்தக் கரையில் இறங்கிக் காட்டு வழியே மாத்தளை நோக்கி நடந்தார்கள். வழியில் இறந்தவர்களுக்குக் கணக்கில்லை. 2023இல் அந்தப் பாதையை நினைவுகூர்ந்து தலைமன்னாரில் இருந்து மாத்தளை வரை மலையக மக்கள் நடந்தார்கள். 1964ஆம் ஆண்டின் சிறிமா-சாஸ்திரி ஒப்பந்தத்துக்குப் பிறகு அவர்களின் பிள்ளைகளும் பேரப்பிள்ளைகளும் இதே துறையில் கப்பலேற்றி அனுப்பப்பட்டார்கள். பிறந்த மண்ணில் இருந்து அழுதுகொண்டு போனார்கள். அதன் பிறகு நாங்கள், இரவில், படகில். நான் வளர்ந்த மண்டபம் முகாம் ஒரு காலத்தில் இலங்கைத் தோட்டங்களுக்கு ஆட்களை அனுப்ப முன்னர் தடுத்து வைத்த இடம். அது எனக்கு வளர்ந்த பிறகே தெரிய வந்தது.

அப்பால் தெரிவது மணல் திட்டுகள். இராமர் பாலம் என்றும் ஆதாம் பாலம் என்றும் சொல்வார்கள். 2015இல் தேசியப் பூங்காவாக்கப்பட்டது. வனஜீவராசிகள் திணைக்களத்தின் அனுமதியின்றி அங்கே போகக் கூடாது. கடற்கரையில் யாராவது "குறைஞ்ச காசுக்குக் கொண்டுபோய்க் காட்டுறன்" என்று கூப்பிட்டால் போகாதீர்கள். பிடிபட்டால் படகுக்காரரின் படகும் போகும்.

திரும்பும் வழியில் மாலை குளிப்புக்கு கீரி. அதைப் பற்றிக் கீழே சொல்கிறேன்.

இரண்டாவது பாதை: பெருநிலமும் கரையும்

இந்தப் பாதைக்குக் காலை ஆறரைக்கே வெளிக்கிட வேண்டும். முதலில் திருக்கேதீஸ்வரம். சம்பந்தரும் சுந்தரரும் பாடிய தலம். சம்பந்தர் கடல் கடந்து வராமல் இராமேஸ்வரத்தில் நின்றே பாடியதாக மரபு. போர்த்துக்கேயர் பழைய கோயிலை இடித்தார்கள். அந்த இடத்தைத் தேடி மீண்டும் எழுப்ப வேண்டும் என்று 1872இல் ஆறுமுக நாவலர் கேட்டார். 1903இல் சிறிய கோயில் எழுந்தது. திருப்பணிச் சபையின் பெருமுயற்சியால் 1976இல் குடமுழுக்கு நடந்தது. 1990க்குப் பிறகு சனம் போக முடியாத காலமும் வந்தது. பின்னர் கருங்கல் திருப்பணி முடிந்து 2022 ஜூலையில் மீண்டும் குடமுழுக்கு நடந்தது.

கோயிலின் பக்கத்தில் பாலாவித் தீர்த்தம். சிவராத்திரி நாளில் சனம் பாலாவியில் நீராடி, குடத்தில் தண்ணீர் அள்ளிப்போய் மகாலிங்கத்துக்குத் தங்கள் கையாலேயே ஊற்றும். சாதி பார்க்காத, வரிசையில் யாரும் முந்தாத அந்த இரவைப் பார்க்க முடிந்தால் பாருங்கள்.

கோயிலைச் சுற்றிய மேடுதான் மாந்தை, மாதோட்டம். பார்க்கிறவருக்குப் பற்றையும் ஓட்டுத்துண்டும் மட்டும் தெரியும். ஆனால் குதிரை இலாட வடிவிலான இந்த மேடும் அதைச் சுற்றிய இரட்டை அகழியும் ஆயிரம் வருடத்துக்கு மேல் இயங்கிய துறைமுக நகரத்தின் மிச்சம். 1980 முதல் 1984 வரை இங்கே பெரிய அகழாய்வு நடந்தது. போர் அதை நிறுத்தியது. முழு அறிக்கை 2013இல்தான் புத்தகமாக வந்தது. 2009க்குப் பிறகு மீண்டும் தோண்டியபோது கிடைத்த மண்ணைச் சலித்துப் பார்த்து மிளகு மணிகளையும் ஒரேயொரு கிராம்பையும் கண்டெடுத்தார்கள். அந்தக் கிராம்பு கி.பி. 900க்கும் 1100க்கும் இடைப்பட்டது. அக்காலத்தில் கிராம்பு விளைந்த இடம் இந்தோனேசியாவின் மலுக்குத் தீவுகள் மட்டுமே. அவ்வளவு தூரத்தில் இருந்து கப்பலேறி வந்த ஒரு கிராம்பு எங்கள் மண்ணுக்குள் கருகிக் கிடந்திருக்கிறது. பிள்ளைகளுக்கு இந்தக் கதையைச் சொல்லுங்கள். பிரமிட்டு இல்லாத ஏமாற்றம் போய்விடும்.

ஓட்டுத்துண்டு ஒன்றையும் சட்டைப்பைக்குள் போடாதீர்கள். 1940ஆம் ஆண்டின் தொல்பொருள் கட்டளைச் சட்டப்படி அது குற்றம். அதைவிட, எடுத்த துண்டு எந்த ஆழத்தில் எதனோடு கிடந்தது என்ற சேதி அத்தோடு அழிந்துவிடும். இந்த மண்ணில் யார் எப்போது வாழ்ந்தார்கள் என்பதில் எங்களுக்குள்ளும் பிறரோடும் எவ்வளவு வழக்கு இருக்கிறது என்பது தெரியும்தானே.

அடுத்து முருங்கன் பக்கம் கட்டுக்கரைக்குளம். ஐந்தாம் நூற்றாண்டில் தாதுசேனன் கட்டியதாகச் சொல்லப்படுவது. மன்னாரின் நெல்வயல்கள் இதை நம்பியே இருக்கின்றன. குளத்தின் பக்கத்தில் யாழ்ப்பாணப் பல்கலைக்கழகப் பேராசிரியர் ப. புஷ்பரட்ணத்தின் குழு 2016-17 காலத்தில் அகழாய்வு செய்து பழைய குடியிருப்பின் தடயங்களையும் சுடுமண் உருவங்களையும் எடுத்தது. குளத்துக்கு அருவி ஆற்றில் இருந்து தண்ணீரைத் திருப்புவது தேக்கம் என்ற பழைய கருங்கல் அணை. குஞ்சுக்குளம் பக்கத்தில் ஆற்றைக் கடக்க ஒரு தொங்குபாலமும் இருக்கிறது. மருத மரங்களின் நிழலில் கட்டிக்கொண்டு வந்த சோற்றை அவிழ்க்க இதைவிட நல்ல இடம் இல்லை.

கடைசியாக அரிப்பு. ஒரு தரம் நடு மத்தியானத்தில் ஆட்களைக் கொண்டுபோய் ஏச்சு வாங்கினேன். மாலை நாலரைக்குப் பிறகு போங்கள். கடலோர மண்திட்டில் செங்கல் சுவர்கள் சில நிற்கும். முதல் ஆங்கிலேய ஆளுநர் பிரெடெரிக் நோர்த் முத்துக்குளிப்பை மேற்பார்வையிட 1801 முதல் 1804 வரை கட்டிய மாளிகை. கிரேக்கரின் டோரிக் பாணித் தூண்கள் என்பதால் டோரிக் என்று பெயர். ஊரார் இதை அல்லிராணி கோட்டை என்கிறார்கள். அல்லிராணி இருந்தாளோ இல்லையோ, ஆங்கிலேயன் கட்டியதை ஊர் தன் கதைக்குள் இழுத்து வைத்துக்கொண்டது எனக்குப் பிடிக்கும். ஒவ்வொரு மாரியிலும் கடல் கொஞ்சம் கொஞ்சமாக மண்ணை அரித்துச் சுவரைத் தன் பக்கம் எடுக்கிறது. விளிம்பில் நின்று படமெடுக்க வேண்டாம்.

உள்ளே தள்ளி ஒரு சிறிய பழைய கோட்டையும் உண்டு. கண்டியில் ஏறக்குறைய இருபது வருடம் சிறையிருந்த ஆங்கிலேயன் ரொபேட் நொக்ஸ், தப்பி அருவி ஆற்றோரமாக நடந்து 1679 ஒக்ரோபரில் வந்து சேர்ந்தது இந்த ஒல்லாந்தக் கோட்டைக்குத்தான்.

முத்துக்குளிப்பு நடந்த கடலும் இதுவே. சிப்பி விளைந்த வருடத்தில் சிலாவத்துறை, மரிச்சுக்கட்டிக் கரைகளில் இரவோடிரவாகப் பட்டணம் எழும்பும். தமிழ்ப் பரவரும் முஸ்லிம்களும் அரபுகளும் கல்லைக் காலில் கட்டி மூச்சடக்கி இறங்கினார்கள். 1906இல் கடலை ஒரு கம்பனிக்குக் குத்தகைக்கு விட்டார்கள். சில வருடத்திலேயே சிப்பி அற்றுப்போனது. முத்து அரசுக்கும் முதலாளிக்கும் போனது. குளித்தவர்களின் பேரப்பிள்ளைகள் இன்றும் அதே கடலில் நண்டு வலை போடுகிறார்கள்.

எங்கே குளிக்கலாம், எங்கே கூடாது

கீரி: நகரத்துக்குக் கிட்ட, தீவின் வடக்குக் கரை. ஆழம் குறைந்த கடல். சோழகம் வீசும் மே முதல் செப்ரெம்பர் வரை இங்கே கடல் அமைதி. நவம்பர், டிசம்பரில் வாடைக்காற்று எழும்பினால் இறங்க வேண்டாம். தெற்குக் கரைக்கு இதன் மறுபக்கம் பொருந்தும். எந்தக் கரையென்றாலும் அன்று காலை தொழிலுக்குப் போய் வந்த ஒருவரிடம் கேட்டுவிட்டு இறங்குங்கள்.

பாலாவி: இது தீர்த்தம். நீச்சல் இடமில்லை. துறையில் மட்டும் நீராடுங்கள். சவர்க்காரம், சம்பூ வேண்டாம். யுகாட்டானில் செனோட்டேக்குள் இறங்க முன்னர் உடம்பைக் கழுவச் சொல்வார்கள், பூசிய கிறீமோடு இறங்க விடமாட்டார்கள் என்று தம்பி சொன்னான். அந்த வழக்கத்தை நாங்களும் எடுத்துக்கொள்ளலாம்.

தேக்கம், அருவி ஆறு: கோடையில் மாசி முதல் ஆவணி வரை, ஊர்ச்சனம் குளிக்கும் இடத்தில் மட்டும், அவர்கள் இருக்கும் நேரத்தில் மட்டும். அணைக்கல்லில் பாசி வழுக்கும். மாரியில் அனுராதபுரத்தில் பெய்த மழை இங்கே வெயில் எறிக்கும்போது வெள்ளமாக வரும். தண்ணீர் கலங்கத் தொடங்கினால் உடனே ஏறுங்கள்.

கட்டுக்கரைக்குளம்: பாருங்கள், இறங்காதீர்கள். முதலை உண்டு. ஆற்றிலும் உண்டு. பொழுது பட்டபிறகு எந்த நன்னீரிலும் கால் வைக்க வேண்டாம்.

இன்னொன்று. குளக்கட்டையும் வீதியையும் விட்டுக் காட்டுக்குள் இறங்கும்போது மண்டையோடு போட்ட சிவப்புப் பலகை கண்டால் திரும்புங்கள். மிதிவெடி அகற்றிய நிலம் எது, அகற்றாத நிலம் எது என்று ஊரவருக்குத் தெரியும். படைமுகாம்களைப் படமெடுக்காதீர்கள். ட்ரோன் கொண்டு வந்தால் முன்கூட்டியே அனுமதி எடுங்கள்.

வழிகாட்டி எதைக் காட்ட வேண்டும்

தம்பியிடம் நான் கேட்ட ஒரு கேள்வி: "அங்க கூட்டிக்கொண்டு போனவன் மாயரைப் பற்றி என்ன சொன்னவன்?" அவன் சொன்னான்: "அந்த நாகரிகம் மறைஞ்சு போச்செண்டு சொன்னவன்." அந்த பிரமிட்டின் வாசலில் துணி விற்றுக்கொண்டு இருந்த பெண்கள் தங்களுக்குள் மாய மொழியில் பேசினார்களாம். இலட்சக்கணக்கான மாயர் இன்னும் அந்த மொழியைப் பேசி அங்கேயே வாழ்கிறார்கள். நகரங்கள்தான் கைவிடப்பட்டன. ஆட்கள் மறையவில்லை.

நானும் அதே பிழையைச் செய்திருக்கிறேன். 2019இல் மடுப் பெருவிழாவுக்கு வந்த ஓர் அம்மாவை ஏற்றிக்கொண்டு நகரத்துக்குள் வந்தேன். கோட்டை பார்த்தோம், பெருக்கமரம் பார்த்தோம். திரும்பும்போது அவர் சதொச வளவு எது என்று கேட்டார். 2018இல் கட்டடம் கட்டத் தோண்டியபோது எலும்புகள் வெளிவந்த இடம். முந்நூறுக்கும் அதிகமான மனித எச்சங்களை அங்கே எடுத்தார்கள், பிள்ளைகளுடையதும் உட்பட. அமெரிக்க ஆய்வுகூடத்துக்கு அனுப்பிய மாதிரிகள் பதினைந்தாம் நூற்றாண்டுக்கும் பதினேழாம் நூற்றாண்டுக்கும் இடைப்பட்டவை என்று அந்த வருடம் மார்ச்சில் முடிவு வந்தது. காணாமல் ஆக்கப்பட்டோரின் குடும்பங்கள் அதை ஏற்கவில்லை. நான் வழமையாகக் கோட்டைக் கதை சொல்லும் அதே குரலில், "அது பழசு அம்மா. போர்த்துக்கேயர் காலத்து எலும்பு" என்றேன்.

அவர் வேலிக்கு வெளியே இறங்கிக் கொஞ்ச நேரம் நின்றார். அவருடைய மகன் 2009இல் காணாமல் ஆக்கப்பட்டவர். பிறகு சொன்னார்: "பழசெண்டா சரி தம்பி. அப்ப என்ர பிள்ளை எங்க?"

அதற்கு நான் என்ன சொல்வது? வண்டியை எடுக்கவும் முடியவில்லை. அவராகவே ஏறி, "மடுவுக்குப் போவம்" என்றார்.

அந்த நாளுக்குப் பிறகு என் பயணத்தின் பேச்சை மாற்றினேன். கோட்டையில் திகதிகளைச் சொல்வேன். திருக்கேதீஸ்வரத்தில் மாந்தைக் கிராம்பைச் சொல்வதோடு, 2013 டிசம்பரில் நீர்க்குழாய் போடத் தோண்டியபோது அதே வீதியோரம் எண்பதுக்கும் அதிகமான மனித எச்சங்கள் வெளிவந்ததையும் சொல்வேன். எருக்கலம்பிட்டி கடக்கும்போது, 1990 ஒக்ரோபரில் விடுதலைப் புலிகள் வெளியேறச் சொன்ன முஸ்லிம்கள் கடல்வழியாகக் கற்பிட்டிப் பக்கம் போனதைச் சொல்வேன். எங்கள் சனம் செய்ததை மறைத்துவிட்டு, எங்களுக்குச் செய்ததை மட்டும் சொன்னால் என் வண்டியில் முஸ்லிம் பிள்ளை ஒன்று எப்படி ஏறும்? அரிப்பில் நோர்த்தின் மாளிகையைக் காட்டியபிறகு தெற்கே கை நீட்டி முள்ளிக்குளத்தைச் சொல்வேன். 2007 செப்ரெம்பரில் வெளியேறிய சனத்தின் ஊரில் கடற்படை முகாம் வந்தது. 2017இல் வீதியில் இருந்து போராடி ஒரு பகுதியை விட ஒப்புதல் வாங்கினார்கள். இருநூறு வருட இடிபாட்டுக்கு அரசின் பெயர்ப்பலகை இருக்கிறது. பதினைந்து வருட இடிபாட்டுக்கு யாரும் பலகை வைக்கவில்லை. அதைச் சொல்ல ஊரவர் வாய்தான் இருக்கிறது.

எல்லாரும் எல்லாவற்றையும் கேட்க விரும்பமாட்டார்கள். சிலர் கடலில் கால் நனைக்க மட்டும் வருகிறார்கள். அதுவும் நியாயம். முப்பது வருடம் கழித்துப் பிள்ளைகளோடு வருகிறவருக்குச் சிரிக்கவும் ஒரு நாள் வேண்டும். ஆகவே ஏறியதும் கேட்டுவிடுவேன்: "எந்த ஊர்? எப்ப போனனீங்கள்? ஆரையாவது தேடுறீங்களோ?" அந்த மூன்று பதிலில் பாதை தெரிந்துவிடும்.

நீங்களும் வழிகாட்டியைப் பிடிக்கும்போது ஊரவரைப் பிடியுங்கள். கொழும்பில் இருந்து வரும் பொதிச்சுற்றுலாக்காரர் வேண்டாம் என்று சொல்லவில்லை. ஆனால் அவர் பெருக்கமரத்தின் சுற்றளவைச் சொல்வார். அதன் நிழலில் 1990இல் யார் ஒளித்திருந்தார் என்பது பள்ளிமுனைக்காரருக்குத்தான் தெரியும். உங்கள் பெற்றோர் உயிரோடு இருந்தால் அவர்களையும் ஒரு தரம் கூட்டி வாருங்கள். என் வண்டியில் இதுவரை ஏறிய வழிகாட்டிகளில் சிறந்தவர் பின் இருக்கையில் இருந்த எண்பது வயதுத் தாத்தா ஒருவர். முருங்கனில் இருந்து அரிப்பு வரை ஒவ்வொரு வயலுக்கும் யாருடையது என்று பெயர் சொல்லிக்கொண்டு வந்தார். அவருடைய பேரன் அதை முழுவதும் போனில் பதிந்தான்.

தம்பி அடுத்த ஆடியில் வருவதாகச் சொல்லியிருக்கிறான். கீரிக் கடல் அப்போது அமைதியாக இருக்கும். பிள்ளைகளை முதலில் குளிக்க விடுவேன். பிறகு எங்கள் பழைய வளவுக்குக் கூட்டிப்போய் அத்திவாரத்தில் எது குசினி, எது சாமியறை என்று காட்டுவேன். கிணறு மட்டும் அப்படியே இருக்கிறது. இறைத்துத் துப்பரவாக்கி வைத்திருக்கிறேன். தண்ணீர் இப்போதும் நல்ல தண்ணீர்தான்.